40 லட்சம் வீட்டுக்கடன், 20 வருடம்: கடைசியில் கையை விட்டுப் போவது உண்மையில் எவ்வளவு?

செங்கல்வீடு (கேள்வி)

வணக்கம். ஊரப்பாக்கம் பக்கம் ஒரு மறுவிற்பனை ஃபிளாட் பேசி முடித்தாயிற்று. விலை 50 லட்சம். கடன் 40 லட்சம், 8.5% மாறும் வட்டி, 20 வருடம், இஎம்ஐ 34,713 ரூபாய் என்று தாளில் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். "30 வருஷம் போட்டுக்கோங்க சார், இஎம்ஐ 30,757 தான் வரும், சௌகரியமா இருக்கும்" என்றும் சொல்கிறார்கள். கூடவே கடனுக்கு ஆயுள் காப்பீடு, ஒரே பிரீமியம் 1,20,000, அதையும் கடனோடு சேர்த்துவிடலாமாம்.

இஎம்ஐ கட்ட முடியுமா என்பது எனக்குத் தெரியும். முழுக் கடனும் முடியும்போது மொத்தம் எவ்வளவு போயிருக்கும், அதில் எதைக் குறைக்க முடியும், எதில் ஏமாறுவார்கள் என்பதுதான் தெரிய வேண்டும். விவரம் தெரிந்தவர்கள் எண்களோடு சொன்னால் நன்றாக இருக்கும்.

கோவை கணக்கு

முதலில் வெறும் கணக்கு. ஒரு தாளில் நான்கு கட்டம் போடுங்கள்: பாக்கி, வட்டி, அசல், புதுப் பாக்கி. பாக்கியை வட்டி விகிதத்தால் பெருக்கி 1200 ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி. இஎம்ஐயில் அது போக மிச்சம்தான் அசலில் கழியும்.

முதல் மாதம்: 40,00,000 × 8.5 ÷ 1200 = 28,333. கட்டுவது 34,713. அசலில் கழிவது 6,380 மட்டும். பாக்கி 39,93,620.
இரண்டாம் மாதம்: வட்டி 28,288, அசல் 6,425, பாக்கி 39,87,195.

(வங்கி நாள் கணக்கில் போடுவதால் சில பத்து ரூபாய் முன்பின் வரும். அது பெரிதில்லை.)

இப்படியே இழுத்துக்கொண்டு போனால், 5 வருடம் முடியும்போது நீங்கள் கட்டியது 20.83 லட்சம். அசலில் கழிந்திருப்பது 4.75 லட்சம். 10 வருடம், அதாவது சரிபாதிக் காலம் முடியும்போதும் 28 லட்சம் பாக்கி நிற்கும். ஒரு மாதத் தவணையில் வட்டியும் அசலும் சரிபாதியாக வருவதற்கே கிட்டத்தட்ட 12 வருடம் ஆகும். "பத்து வருஷமா கட்டுறேன், இன்னும் இவ்வளவா?" என்று பலரும் அதிர்ச்சி அடைவது இங்கேதான். இதில் வங்கி மோசடி எதுவும் கிடையாது. குறையும் பாக்கிக்கு வட்டி போட்டு, தவணையை மட்டும் சமமாக வைத்தால் கணக்கு இப்படித்தான் விழும்.

இப்போது காலத்தை மாற்றிப் பாருங்கள். அதே 40 லட்சம், அதே 8.5%:

15 வருடம்: இஎம்ஐ 39,390, மொத்த வட்டி 30.90 லட்சம்
20 வருடம்: இஎம்ஐ 34,713, மொத்த வட்டி 43.31 லட்சம்
25 வருடம்: இஎம்ஐ 32,209, மொத்த வட்டி 56.63 லட்சம்
30 வருடம்: இஎம்ஐ 30,757, மொத்த வட்டி 70.72 லட்சம்

25 வருடத்திலிருந்து 30க்குப் போனால் மாதத்துக்கு 1,452 ரூபாய் மிச்சம். அதற்குக் கொடுக்கும் விலை 14 லட்சம் கூடுதல் வட்டி. 30 வருடத்துக்கு இன்னொரு ஆபத்தும் இருக்கிறது, அதை யாரும் சொல்ல மாட்டார்கள். முதல் மாத வட்டியே 28,333, இஎம்ஐ 30,757. அசலுக்குப் போவது வெறும் 2,424. ஆரம்பத்திலேயே வட்டி முக்கால் சதவீதம் ஏறி 9.25% ஆனால் மாத வட்டி 30,833. உங்கள் இஎம்ஐ வட்டிக்கே போதாது. மாறும் வட்டிக் கடனில் 30 வருடம் போடுவது அந்த விளிம்பில் போய் நிற்பது.

வேறு வழியே இல்லை, வீட்டு வருமானம் இடிக்கிறது என்றால் தவிர 30 வருடம் வேண்டாம். முடிந்தால் 20ஐயும் 18 ஆக்குங்கள்.

தஞ்சை ராஜி

கோவை கணக்கு சொன்ன எண்கள் சரி. ஆனால் 20 வருடத்தில் அசல் 40 லட்சமும் வட்டி 43.31 லட்சமும் சேர்ந்து வரும் 83 லட்சம் என்ற கூட்டுத்தொகையைப் பார்த்து யாரும் மிரள வேண்டாம் என்பேன். இன்று கொடுக்கும் ரூபாயும் 20 வருடம் கழித்துக் கொடுக்கும் ரூபாயும் ஒன்றல்ல. விலைவாசி வருடத்துக்கு 5% ஏறுகிறது என்று வைத்தால், கடைசித் தவணையாகக் கட்டும் 34,713க்கு இன்றைய மதிப்பு சுமார் 13,000 ரூபாய்தான். சம்பளம் ஏறும், இஎம்ஐ அப்படியே நிற்கும். கடன் வாங்கியவருக்குப் பணவீக்கம் செய்யும் உதவி இது.

ஆகவே "மொத்த வட்டி எத்தனை லட்சம்" என்பதை விட, "இந்த 8.5 சதவீதத்துக்கு ஈடாக என் கைப்பணம் வேறு எங்கே சம்பாதிக்கும்" என்று கேளுங்கள். கடனில் கூடுதலாகக் கட்டும் ஒவ்வொரு ரூபாயும் வரி இல்லாமல், ஆபத்தும் இல்லாமல் 8.5% சம்பாதித்ததற்குச் சமம். 7% வைப்புநிதியில் போட்டு, 30% வரி வரம்பில் இருந்தால், கையில் நிற்பது 4.8% தான். வைப்புநிதியில் பணத்தை வைத்துக்கொண்டு வீட்டுக்கடனையும் இழுத்துக்கொண்டு போவது நஷ்டம். ஆறு மாத இஎம்ஐயும் வீட்டுச் செலவும் அவசரத்துக்கு ஒதுக்கிய பிறகு என்பதைச் சேர்த்துப் படிக்கவும். கிரெடிட் கார்டு பாக்கியோ தனிநபர் கடனோ இருந்தால் அதுதான் முதலில் போக வேண்டும்.

வருமான வரி விஷயத்திலும் பழைய நினைப்பில் பலர் தப்புக் கணக்குப் போடுகிறார்கள். "வரி மிச்சமாகுமே" என்றே கடன் வாங்குபவர்கள் உண்டு. சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கான வட்டிக் கழிவு, வருடத்துக்கு 2 லட்சம் வரை, பழைய வரி முறையில்தான் உண்டு. அசலுக்கான 1.5 லட்சக் கழிவும் அப்படித்தான், அதையும் பி.எஃப்., எல்ஐசி எல்லாம் ஏற்கெனவே நிரப்பியிருக்கும். 2023-24 நிதியாண்டிலிருந்து புதிய முறைதான் தானாக எடுத்துக்கொள்ளப்படும். அதில் குடியிருக்கும் வீட்டுக்கு இந்த இரண்டும் கிடையாது. 2025-26 முதல் சம்பளக்காரருக்குப் புதிய முறையில் 12.75 லட்சம் வரை வரியே வராது என்னும்போது, வீட்டுக்கடனுக்காக மட்டும் பழைய முறையில் இருப்பது பலருக்கு லாபமில்லை.

பழைய முறையில் இருந்தாலும் முதல் வருட வட்டி உங்களுக்கு 3.37 லட்சம், கழிவு 2 லட்சத்தோடு நின்றுவிடும். 30% வரம்பில் அதிகபட்ச மிச்சம் செஸ் சேர்த்து 62,400. கணவன் மனைவி இருவர் பெயரிலும் பத்திரமும் கடனும் இருந்து, இருவரும் சம்பாதித்து, இருவரும் பழைய முறையில் இருந்தால் தலைக்கு 2 லட்சம் கேட்கலாம். இந்த நான்கில் ஒன்று இல்லாவிட்டாலும் வராது.

பத்திரம்

இஎம்ஐக்கு வெளியே இருக்கும் செலவைச் சொல்கிறேன். வாங்கும் அன்றைக்கே இடிக்கப்போவது இதுதான்.

மறுவிற்பனை ஃபிளாட் என்பதால் தமிழ்நாட்டில் முத்திரைத்தீர்வை 7%, பதிவுக்கட்டணம் 2%, ஆக 9%. பத்திரத்தில் காட்டும் விலையா, அரசு வைத்திருக்கும் வழிகாட்டி மதிப்பா, எது கூடுதலோ அதன்மேல். 50 லட்சத்துக்கு 4.5 லட்சம். இதைக் கடனில் சேர்த்துத் தர மாட்டார்கள். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 80% தான் ரிசர்வ் வங்கி வைத்திருக்கும் வரம்பு, அந்த மதிப்பில் பத்திரச் செலவு சேராது. ஆகக் கையில் இருக்க வேண்டியது 10 லட்சம் இல்லை, கிட்டத்தட்ட 15 லட்சம். கடைசி நேரத்தில் இந்த 5 லட்சத்துக்குத் தனிநபர் கடன் வாங்குபவர்கள் நிறைய. அந்தக் கடனின் வட்டி வீட்டுக்கடனை விட எவ்வளவோ கூடுதல். வீட்டின் உண்மை விலை அங்கேயே ஏறிவிடுகிறது.

விலை 50 லட்சம் அல்லது அதற்கு மேல் என்றால் விற்பவருக்குக் கொடுக்கும் தொகையில் 1% பிடித்து வருமான வரித்துறைக்குக் கட்டுவது வாங்குபவர் பொறுப்பு. உங்களுக்குச் சரியாக 50 லட்சம், ஆகவே பொருந்தும். கூடுதல் செலவு இல்லை, விற்பவர் பணத்திலிருந்துதான். ஆனால் பிடிக்காமல் விட்டால் வட்டியும் தாமதக் கட்டணமும் உங்கள் தலையில்.

அடுத்து எம்ஓடி. வீட்டுப் பத்திரத்தை அடமானமாக ஒப்படைத்ததற்கான ஆவணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். கடன் தொகையில் 0.5% முத்திரைத்தீர்வை, அதற்கு உச்சவரம்பு உண்டு, பதிவுக்கட்டணம் தனி. இதோடு பிராசசிங் ஃபீஸ் 0.5% என்றால் ஜிஎஸ்டி சேர்த்து 23,600. வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம். எல்லாம் சேர்த்து 60,000 வரை ஒதுக்கி வையுங்கள்.

குடிபோன பிறகு: பராமரிப்புக் கட்டணம் சதுர அடிக்கு 3 ரூபாய் என்றால் 900 சதுர அடிக்கு மாதம் 2,700. சொத்து வரி அரையாண்டுக்கு ஒருமுறை. 2022 ஏப்ரலில் தமிழக நகர்ப்புறங்களில் வீட்டுக்கு ஒரே தடவையில் 25 முதல் 150 சதவீதம் வரை ஏற்றினார்கள், ஆகவே பழைய உரிமையாளரின் பழைய ரசீதை வைத்துக் கணக்குப் போடாதீர்கள், கடைசி ரசீதைக் கேளுங்கள். பழைய கட்டிடம் என்றால் லிஃப்ட், மோட்டார், மொட்டைமாடி நீர்க்கசிவு என்று சங்கம் தனியாக வசூலிக்கும். சங்கத்தில் கார்பஸ் தொகை (பெரிய செலவுக்கான சேமிப்பு) எவ்வளவு இருக்கிறது என்று முன்பணம் கொடுப்பதற்கு முன்பே விசாரியுங்கள். அது காலியாக இருந்தால் அடுத்த பெரிய செலவு உங்கள் பங்குக்கும் வரும்.

கோவை கணக்கு

காப்பீட்டைப் பற்றிச் சொல்லாமல் விட்டேன்.

1,20,000 பிரீமியத்தைக் கடனில் சேர்த்தால் கடன் 41.2 லட்சம். அந்தத் துண்டுக்கு மட்டும் மாதம் 1,041 ரூபாய், 20 வருடத்தில் 2.5 லட்சம். பிராசசிங், எம்ஓடி முதலான 60,000ஐயும் கழித்துப் பார்த்தால், வீட்டுக்காக உண்மையில் உங்களுக்குக் கிடைப்பது 39.4 லட்சம், கட்டுவது மாதம் 35,754. இதற்கு வட்டியைப் பின்னோக்கிக் கணக்கிட்டால் 8.5% இல்லை, சுமார் 9.1%. தாளில் எழுதிய வட்டிக்கும் உண்மை வட்டிக்கும் உள்ள இடைவெளி இது.

கடன் காப்பீடு வாங்கினால்தான் கடன் என்று ரிசர்வ் வங்கி விதி எதுவும் இல்லை. கட்டிடத்துக்குத் தீ விபத்துக் காப்பீடு கேட்பது வேறு, அது நியாயம், செலவும் குறைவு. ஆயுள் காப்பீடு கண்டிப்பாக வேண்டும், அதில் எனக்கு மாற்றுக் கருத்தே இல்லை; சம்பாதிப்பவர் போய்விட்டால் குடும்பம் வீட்டையும் இழக்கக் கூடாது. ஆனால் தனியாக ஒரு டெர்ம் பாலிசி (இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுங்கள். வங்கியோடு ஒட்டித் தரும் பாலிசியில் கடன் குறையக் குறைய காப்புத்தொகையும் குறையும், கடனை வேறு வங்கிக்கு மாற்றினால் சிக்கல், முன்கூட்டி முடித்தால் திரும்ப வருவது சொற்பம்.

2024 அக்டோபரிலிருந்து வீட்டுக்கடனுக்கு முக்கிய விவர அறிக்கை என்று ஒரு தாள் தர வேண்டும். அதில் எல்லாக் கட்டணமும் சேர்த்த ஆண்டு விகிதம் போட்டிருக்கும், மாதவாரி அட்டவணையும் இருக்கும். அதில் இல்லாத கட்டணத்தை உங்கள் சம்மதம் இல்லாமல் பிற்பாடு வசூலிக்க முடியாது. இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பர வட்டியை வைத்து ஒப்பிடாதீர்கள், இந்த விகிதத்தை வைத்து ஒப்பிடுங்கள்.

செங்கல்வீடு

எல்லோருக்கும் நன்றி. 30 வருடத்தையும் ஒட்டுக் காப்பீட்டையும் விட்டுவிடுகிறேன். இன்னும் சில சந்தேகம்: வட்டி ஏறினால் வங்கி என்ன செய்யும்? நடுவில் கூடுதலாகக் கட்டினால் அபராதம் உண்டா? எவ்வளவு கட்டினால் எவ்வளவு குறையும்? பிறகு, வட்டி குறைவான வங்கிக்கு மாற்றுவது லாபமா?

கிளை மேலாளர் (ஓய்வு)

வட்டி ஏறினால் என்ன ஆகும் என்பதுதான் முக்கியமான கேள்வி. இங்கேதான் பெரும்பாலானோர் கவனிக்காமல் லட்சக்கணக்கில் விடுகிறார்கள்.

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக்கடன் ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி) போன்ற ஒரு வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருக்கிறது. ரெப்போவுக்கு மேல் ஸ்ப்ரெட் என்று ஒரு கூடுதல் சதவீதம். மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டியைத் திருத்த வேண்டும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் இல்லை. அவர்கள் தங்களுடைய சொந்த அளவுகோலை வைத்துக்கொள்கிறார்கள், ஏறும்போது சீக்கிரம் ஏறும், இறங்கும்போது மெதுவாக இறங்கும். உங்களுக்குக் கடன் தருவது வங்கியா நிதி நிறுவனமா என்று முதலில் பாருங்கள்.

2020 மே முதல் 2022 மே வரை ரெப்போ 4%. 2023 பிப்ரவரிக்குள் அது 6.5% ஆனது. 2021 வாக்கில் 7 சதவீதத்துக்கு 40 லட்சம், 20 வருடம் என்று வாங்கிய ஒருவரை எடுத்துக்கொள்வோம். இஎம்ஐ 31,012. இரண்டு வருடம் கட்டியபின் பாக்கி 38.03 லட்சம். வட்டி இப்போது 9.5%. (உண்மையில் படிப்படியாக ஏறியது, கணக்கு எளிதாக இருக்க ஒரேயடியாக வைக்கிறேன்.) மாத வட்டி மட்டுமே 30,106. இஎம்ஐயை மாற்றாமல் விட்டால் அசலுக்குப் போவது 906 ரூபாய். இந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் 448 மாதம், 37 வருடத்துக்கு மேல்! மீதம் இருந்தது 18 வருடம். அதே 18 வருடத்தில் முடிக்க இஎம்ஐ 36,808 ஆக வேண்டும்.

வங்கிகள் அப்போது பெரும்பாலும் செய்தது, இஎம்ஐயைத் தொடாமல் காலத்தை நீட்டியது. வாடிக்கையாளருக்கு மாதத் தொகை மாறவில்லை, ஆகவே எதுவும் நடக்கவில்லை என்று நினைத்தார்கள். 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி இதற்காகவே ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி திருத்தும்போது இஎம்ஐயைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும். ஒரு பகுதியையோ முழுவதையுமோ அடைக்க வழி தர வேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வழியும் அப்போது கட்டாயமாக இருந்தது, 2025 அக்டோபர் முதல் அது வங்கியின் விருப்பம். காலத்தை நீட்டும்போது பாக்கி வளரும் நிலை வரக் கூடாது. ஒவ்வொரு காலாண்டும் ஸ்டேட்மென்ட் தர வேண்டும்: இதுவரை கட்டிய அசல், வட்டி, இஎம்ஐ, மீதித் தவணை எண்ணிக்கை, ஆண்டு வட்டி.

அந்த ஸ்டேட்மென்டில் வேறு எதையும் பார்க்க நேரமில்லை என்றால் மீதித் தவணை எண்ணிக்கையை மட்டும் பாருங்கள். போன காலாண்டை விடச் சரியாக மூன்று குறைந்திருக்க வேண்டும். குறையாமல் நின்றாலோ கூடியிருந்தாலோ வட்டி ஏறி, காலம் நீண்டிருக்கிறது என்று அர்த்தம். உடனே கிளைக்கு எழுத்தில் கொடுங்கள்: "மீதித் தவணை இத்தனையாகவே இருக்கும்படி இஎம்ஐயை உயர்த்தவும்." வாயால் சொன்னால் நடக்காது. மின்னஞ்சலோ, முத்திரை போட்டு வாங்கிய நகலோ வேண்டும்.

வட்டி இறங்கும்போது நேர்மாறாக நடந்துகொள்ளுங்கள். இஎம்ஐயைக் குறைக்கச் சொல்லாதீர்கள். உங்கள் கணக்கிலேயே, தொடக்கத்தில் 8.5% 7.75 ஆகிறது என்று வையுங்கள். இஎம்ஐயை 32,838 ஆகக் குறைத்துக்கொண்டால் 20 வருடத்தில் 4.5 லட்சம் மிச்சம். 34,713ஐயே தொடர்ந்து கட்டினால் 212 மாதத்தில் முடிந்துவிடும், மிச்சம் சுமார் 9.8 லட்சம்.

அபராதம் பற்றி: தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் கட்டணம் வாங்கக் கூடாது என்று 2012லேயே வங்கிகளுக்குத் தடை வந்துவிட்டது. நிலையான வட்டி என்றால் ஒப்பந்தத்தைப் படிக்க வேண்டும்.

இன்னொன்று. 2025 பிப்ரவரிக்கும் டிசம்பருக்கும் இடையில் ரெப்போ 6.5லிருந்து 5.25க்கு இறங்கியது. அந்த 5.25 மேல் 8.5 என்றால் ஸ்ப்ரெட் 3.25. நல்ல சம்பளம், சிபில் மதிப்பெண்ணும் (கடனைத் திருப்பிக் கட்டிய பழக்கத்துக்கான மதிப்பெண்) நன்றாக இருந்தால் இது கூடுதல். கையெழுத்துப் போடுவதற்கு முன் பேரம் பேச வேண்டியது இந்த ஸ்ப்ரெட்டைத்தான். ரெப்போ யார் கையிலும் இல்லை, ஸ்ப்ரெட்டோ கடன் முழுக்க உங்களோடு வரும்.

கோவை கணக்கு

கூடுதலாகக் கட்டுவதற்கான கணக்கு, 40 லட்சம், 8.5%, 20 வருடம் என்பதையே வைத்து:

வருடத்துக்கு ஒரு இஎம்ஐ கூடுதல் (போனஸ் வரும் மாதத்தில் 34,713): சுமார் 40 மாதம் முன்பே முடியும், வட்டியில் சுமார் எட்டரை லட்சம் மிச்சம்.

வருடா வருடம் இஎம்ஐயை 5% உயர்த்துவது (இரண்டாம் வருடம் 36,449 என்று தொடங்கி): 12 வருடம் 3 மாதத்தில் முடியும். மொத்த வட்டி 43.3 லட்சத்திலிருந்து 27.7 லட்சமாகும். சம்பளம் வருடா வருடம் ஏறுபவர்களுக்கு நான் சொல்வது எப்போதும் இதைத்தான், பழகியபின் கை வலிக்காது.

ஒரே தடவை 2 லட்சம்: இரண்டாம் வருட முடிவில் கட்டினால் 24 மாதம் குறையும், நிகர மிச்சம் 6.45 லட்சம். அதே 2 லட்சத்தை 12ஆம் வருட முடிவில் கட்டினால் 11 மாதம், மிச்சம் 1.8 லட்சம். தஞ்சை ராஜி சொன்னதை இங்கே நினைவில் வைக்க வேண்டும், இரண்டு இடத்திலும் அந்தப் பணத்துக்குக் கிடைக்கும் வருமானம் அதே 8.5% தான். முதலில் கட்டினால் அது கூடுதல் வருடங்கள் வேலை செய்கிறது, அவ்வளவே. ஆகவே 12ஆம் வருடம் கட்டிப் பயனில்லை என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

பகுதித் தொகை கட்டும்போது நடக்கும் தப்பு ஒன்று உண்டு. சில இடங்களில் தானாக இஎம்ஐயைக் குறைத்துவிட்டுக் காலத்தை அப்படியே வைப்பார்கள். நெட்பேங்கிங்கில் கட்டும்போது தேர்வு கேட்டால் "காலம் குறைக்க" என்பதைத் தொடுங்கள். கேட்காவிட்டால் எழுதிக் கொடுங்கள். அடுத்த மாத அட்டவணையை இறக்கி, தவணை எண்ணிக்கை குறைந்ததா என்று பார்த்த பிறகே விடுங்கள். பணம் "முன்கூட்டிய இஎம்ஐ" என்ற தலைப்பில் போய் உட்கார்ந்திருந்தால் அசல் குறையாது, வட்டி அப்படியே ஓடும்.

தஞ்சை ராஜி

கையில் பணம் வந்து வந்து போகும் தொழில் செய்பவர்களுக்கு ஓவர்டிராஃப்ட் வகை வீட்டுக்கடனும் உண்டு. உபரிப் பணத்தை அந்தக் கணக்கில் போட்டு வைத்தால் அன்றைய பாக்கியில் அதைக் கழித்துவிட்டு வட்டி போடுவார்கள், வேண்டும்போது எடுத்துக்கொள்ளலாம். வட்டி சற்றுக் கூடுதலாக இருக்கும். சராசரியாகக் கணக்கில் நல்ல தொகை தங்காவிட்டால் லாபம் இல்லை.

பத்திரம்

டேக்ஓவர், அதாவது கடனை வேறு வங்கிக்கு மாற்றுவது பற்றி.

ஐந்து வருடம் கழித்து, 35.25 லட்சம் பாக்கி, 15 வருடம் மீதி. வேறு வங்கி 7.75% என்கிறது. அதே 15 வருடத்துக்கு மாற்றினால் இஎம்ஐ 33,181, மாதம் 1,532 மிச்சம், மொத்தம் 2.76 லட்சம். மாற்றும் செலவு: புது வங்கியின் பிராசசிங், வக்கீல், மதிப்பீடு, புது எம்ஓடி பதிவு, பழைய எம்ஓடி ரத்து ரசீது. இதெல்லாம் 50,000 ஆனால் 33 மாதத்தில் ஈடாகும். சரி, லாபம்தான்.

ஆனால் புது வங்கி அநேகமாக "மறுபடி 20 வருஷம் போடலாம், இஎம்ஐ 28,938 தான்" என்று சொல்லும். அப்படிப் போட்டால் இனிமேல் கட்டப்போவது 69.45 லட்சம். பழைய இடத்திலேயே 8.5 சதவீதத்தில் இருந்தால் கட்ட வேண்டியது 62.48 லட்சம். வட்டி குறைந்தும் 7 லட்சம் அதிகம் போகிறது. மாற்றுவதென்றால் மீதிக் காலத்துக்கு மட்டும் மாற்றுங்கள்.

மாற்றுவதற்கு முன் இப்போதைய வங்கியிலேயே ஸ்ப்ரெட்டைக் குறைக்கச் சொல்லிக் கேளுங்கள். புது வங்கியின் அனுமதிக் கடிதத்தைக் காட்டினால் பல நேரம் ஒரு சிறு கட்டணத்துக்குக் குறைத்துவிடுவார்கள், பதிவுச் செலவும் அலைச்சலும் மிச்சம். 2019க்கு முந்தைய கடன் இன்னும் எம்சிஎல்ஆர், அடிப்படை வட்டி என்ற வங்கிகளின் பழைய சொந்த அளவுகோல்களிலேயே கிடந்தால் அதை ரெப்போவுக்கு மாற்றக் கேட்பதுதான் முதல் வேலை.

கடன் முடியும் நாளையும் இப்போதே தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். 2023 டிசம்பர் 1 முதல், முழுத்தொகையும் அடைந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். தாமதம் அவர்கள் பக்கம் என்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். கடன் வாங்கும் அன்று எந்தெந்த ஆவணம் கொடுத்தீர்கள், மூலப் பத்திரம் எத்தனை பக்கம் என்பதற்குக் கையெழுத்தும் முத்திரையும் போட்ட பட்டியல் வாங்கி வையுங்கள். அது இல்லாமல் பிறகு வாதாட முடியாது. பாக்கி இல்லை என்ற சான்று வாங்கியதோடு நிறுத்திவிடாதீர்கள். எம்ஓடிக்கான ரத்து ரசீதை அதே சார்பதிவாளர் அலுவலகத்தில் வங்கி அதிகாரி கையெழுத்தோடு பதிந்து, சில நாள் கழித்து வில்லங்கச் சான்று போட்டு அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். ஏறவில்லை என்றால் பணம் முழுக்கக் கட்டியிருந்தும் வில்லங்கத்தில் வீடு அடமானத்தில்தான் இருக்கும். விற்கப் போகும்போதுதான் அது தெரியவரும், அதற்குள் அந்தக் கிளையே வேறு கிளையோடு இணைந்து போயிருக்கலாம்.